உஷார்! எர்ரர் போய்விட்டதா? இனிமேல்தான் உஷார்!

காலை ஆறரை மணிக்கு மேஸ்திரிக்குப் போன் போட்டேன்.

"எந்தக் குழியிலயும் கான்கிரீட் விழக்கூடாது மேஸ்திரி. ஒரு சட்டிகூட விழக்கூடாது."

"சார், லாரி கெளம்பிருச்சுன்னு பிளான்ட்ல இருந்து இப்பத்தான் சொன்னாங்க."

"திருப்பி அனுப்பச் சொல்லுங்க. காசு நான் பாத்துக்கறேன்."

இருபது ஃபூட்டிங் குழிகள். அடியில் பிசிசி போட்டாயிற்று, கம்பி வலை கட்டியாயிற்று, பில்லர் கம்பி நிறுத்தியாயிற்று. இன்னும் ஒன்றரை மணி நேரம் விட்டிருந்தால் எல்லாம் கான்கிரீட்டுக்குள் போயிருக்கும். அந்த வரைபடத்தில் வெளிச்சுற்று ஃபூட்டிங்குகள் ஐந்தடிக்கு ஐந்தடி என்று இருந்தன. இருக்க வேண்டியது ஆறடிக்கு ஆறடி. மண் தாங்கும் அளவு நூறு என்றால் நாங்கள் நூற்று முப்பதை ஏற்றியிருப்போம். அதன் மேல் நான்கு தளம், அதில் குடியிருக்கப் போகிற குடும்பங்கள்.

இத்தனைக்கும் காரணம் மூன்று நட்சத்திரக் குறிகள். கீபோர்டில் எட்டாம் எண்ணுக்கு மேலே இருக்கிற குறி.

கட்டட வடிவமைப்பு ஆபீஸ்களில் ஸ்டாட் புரோவோ ஈடேப்ஸோ சேப்போ ஓட்டுகிற தம்பிகளும் தங்கைகளும், அவர்கள் கணக்கை நம்பிக் கையெழுத்துப் போடுகிற மூத்தவர்களும் இதைப் படியுங்கள். இந்த நிமிடம் உங்கள் ஆபீஸில் யாரோ ஒருவர் 'இன்புட் ஃபைலில் பிழை' என்ற செய்தியின் முன்னால் உட்கார்ந்து, அது போனால் போதும் என்று ஒரு வரியை அழித்துக்கொண்டிருக்கலாம்.

எங்கள் ஆபீஸில் நடந்ததை முதலில் சொல்கிறேன். பதினெட்டு மீட்டருக்குப் பன்னிரண்டு மீட்டர் கட்டடம், தரைத்தளமும் அதற்கு மேல் மூன்று மாடியும். இரவு ஒன்பது மணி. மறுநாள் ஃபூட்டிங் வரைபடம் போக வேண்டும் என்று அவசரப்படுத்தியவன் நான். மாடலைச் செய்த பெண் கெட்டிக்காரி, வேலையில் ஒரு குறையும் சொல்ல முடியாது. மாடிச் சுவர்களின் பாரத்தைப் பீம்களில் ஏற்றுகிற வரிகளை, அதே மாதிரியான இன்னொரு வேலையிலிருந்து எடுத்திருக்கிறாள். அந்த வரிகளை யாரோ ஒருவர் வேர்டு ஃபைலில் பத்திரப்படுத்தி வைத்திருந்தார். வேர்டுக்கு ஒரு பழக்கம் உண்டு. நாம் அடிக்கிற சின்னக் கோட்டைப் பல இடங்களில் தானாகவே கொஞ்சம் நீளமான கோடாக மாற்றிவிடும். கண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான். ஸ்டாட் புரோவுக்கு அப்படியில்லை. சின்னக் கோடு வரியின் கடைசியில் இருந்தால் 'அடுத்த வரியிலும் தொடர்கிறேன்' என்று பொருள், எண்ணுக்கு முன்னால் இருந்தால் கழித்தல் குறி. நீளக் கோடு அதற்கு அறிமுகமே இல்லாத எழுத்து. ரன் கொடுத்ததும் பிழை என்று நின்றுவிட்டது.

அவள் அந்த மூன்று வரிகளையும் எத்தனையோ முறை பார்த்திருக்கிறாள். எழுத்துப் பிழை இல்லை, எண் பிழை இல்லை. மற்றதெல்லாம் சரியாக ஓடுகிறதா என்று பார்ப்போமே என்று மூன்று வரிகளின் முன்னாலும் ஒரு நட்சத்திரம் வைத்தாள். ஸ்டாட் புரோவில் வரியின் முதல் எழுத்து நட்சத்திரமாக இருந்தால் அது வெறும் குறிப்பு, கணக்கில் சேராது. ஓடியது. எர்ரர் இல்லை. தற்காலிகமாகத்தான் வைத்தாள். அதற்குள் அவளுக்கு ஒரு போன் வந்தது, இன்னொரு வேலையைக் கேட்டார்கள். திரும்பி வந்தபோது திரையில் டிசைன் பாஸ் ஆகியிருந்தது.

'மெம்பர் லோட்' என்ற தலைப்பின் கீழ் கைப்பிடிச் சுவருக்கான வரி மட்டும் மிஞ்சியிருந்தது. ஆகவே தலைப்பு காலியாக இல்லை, மென்பொருள் கேள்வி கேட்கக் காரணமும் இல்லை. தரைத்தளச் சுவர் பிளிந்த் பீமில் தனியாக இருந்தது. காணாமல் போனது மேல் மூன்று தளங்களின் வெளிச்சுவர் மட்டும்.

ஒன்பது அங்குலச் செங்கல் சுவர், பீமுக்குக் கீழே எட்டரை அடி உயரம் என்றால் மீட்டருக்குச் சுமார் 12 கிலோ நியூட்டன் வரும். சுற்றளவு 60 மீட்டர், மூன்று தளம். பெருக்கிப் பாருங்கள், 2,160 கிலோ நியூட்டன். இருநூறு டன்னுக்கு மேல். ஒரு கட்டடத்திலிருந்து இருநூறு டன் சத்தமில்லாமல் இறங்கிப் போயிருக்கிறது.

அதை நான் கண்டுபிடித்தது கணினியால் அல்ல. கான்கிரீட்டுக்கு முந்தின இரவு படுக்கப் போகுமுன் ஃபூட்டிங் அட்டவணையைப் பார்த்தேன். வெளிச்சுற்றுப் பில்லருக்கு ஐந்தடி என்பது கண்ணை உறுத்தியது. கையில் இருந்த பேப்பரிலேயே கணக்குப் போட்டேன். இந்த மாதிரிக் குடியிருப்புக்கு, சுவர் எல்லாம் சேர்த்து ஒரு தளத்துக்குச் சதுர மீட்டருக்குச் சுமார் 12 கிலோ நியூட்டன். 216 சதுர மீட்டர், நான்கு தளம், ஆக 10,400 பக்கம் வர வேண்டும். வெளியீட்டு ஃபைலில் அடித்தள எதிர்விசைகளின் கூட்டுத்தொகை 8,200. அதற்கப்புறம் தூக்கம் ஏது?

காலையில் அவள் கேட்டதை என்னால் மறக்க முடியவில்லை. "சார், எர்ரர் எதுவுமே வரலையே சார்."

அந்தப் பெண்ணைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. எர்ரர் வந்தால் தப்பு, வராவிட்டால் சரி என்றுதான் நாம் எல்லோருக்கும் பழக்கியிருக்கிறோம். உண்மை அப்படியில்லை. இன்புட் ஃபைல் செல்லாது என்று நின்றுவிடுகிற மென்பொருள் உங்களுக்கு நல்லது செய்கிறது. வாசலில் நிற்கிற காவல்காரர் அது. அவர் கையைத் தட்டிவிட்டு உள்ளே போனால், அதற்குப் பிறகு உங்களைத் தடுக்க யாரும் இல்லை.

அப்படியானால் பிழைச் செய்தி வந்தால் என்ன செய்வது?

முதலில் கையை எடுங்கள். ஃபைலைப் பிரதி எடுத்துத் தேதியும் நேரமும் போட்டுப் பெயர் வையுங்கள். அதன் பிறகே தொடுங்கள். ஸ்டாட் புரோவின் இன்புட் ஃபைல் வெறும் எழுத்து ஃபைல், நோட்பேடில் திறக்கலாம். கூடவே வெளியீட்டு ஃபைலையும் திறந்து மேலிருந்து கீழே படியுங்கள். கடைசிப் பிழையைப் பார்க்காதீர்கள், முதல் பிழையைப் பாருங்கள். இது மிக மிக முக்கியம். ஜாயின்ட் ஆயத்தொலைவு ஒன்று படிக்கப்படாமல் போனால், அந்த ஜாயின்டைத் தொடுகிற ஒவ்வொரு பீமும் பில்லரும் தனித்தனியாகக் கத்தும். நூறு பிழை வந்தது என்று பயந்து நூறு இடத்தில் கை வைத்தவர்களைப் பார்த்திருக்கிறேன். உடைந்தது ஒரே இடம்தான், மீதி தொண்ணூற்றொன்பதும் அதன் எதிரொலி. முதல் பிழையைச் சரிசெய்துவிட்டு மறுபடி ஓட்டுங்கள்.

மென்பொருள் சுட்டுகிற வரியிலேயே தப்பு இருக்கும் என்றும் நம்பாதீர்கள். பல நேரம் தப்பு அதற்கு முந்தின வரியில் இருக்கும். தொடர்ச்சிக் கோடு விட்டுப்போனது, அரைப்புள்ளி விட்டுப்போனது, தலைப்பு விட்டுப்போனது எல்லாம் அடுத்த வரியைப் படிக்கும்போதுதான் அதற்கு உறைக்கும். ஆயத்தொலைவு வரிசையில் அரைப்புள்ளி விட்டுப்போனால் இன்னும் விபரீதம். 'இந்த எண்ணிலிருந்து அந்த எண்வரை நடுவில் சம இடைவெளியில் ஜாயின்டுகளை நீயே உண்டாக்கு' என்று ஒரு கட்டளை வடிவம் ஸ்டாட் புரோவில் இருக்கிறது. அரைப்புள்ளி இல்லாத வரி அந்தக் கட்டளையாகப் படிக்கப்படக்கூடும்.

ஃபைலின் தலைப்பகுதியில் 'இன்புட் விட்த் 79' என்று ஒரு வரி இருக்கும், பார்த்திருப்பீர்கள். ஏன் 79 என்று யாராவது யோசித்தீர்களா? துளையிட்ட அட்டைகளில் கணக்கை ஊட்டிய காலத்தில் ஓர் அட்டைக்கு 80 பத்தி. அதற்கு மேல் எழுத இடமே கிடையாது. ஃபோர்ட்ரான் மொழியில் கட்டளைக்கு உரியவை ஏழாம் பத்தியிலிருந்து எழுபத்திரண்டாம் பத்திவரை மட்டும். அட்டை போய்விட்டது, அந்தக் கண்டிப்பு போகவில்லை. நாஸ்ட்ரான் என்ற மென்பொருளில் இன்றைக்கும் எட்டு எழுத்துக்கு ஒரு கட்டம் என்று பிரித்து எழுதுகிற முறை இருக்கிறது. ஓர் எண் ஒரு கட்டம் தள்ளி விழுந்தால் வேறு ஒன்றின் மதிப்பாகிவிடும். இந்த மென்பொருள்களின் வேர் அங்கே இருக்கிறது. எக்செல்லையும் வேர்டையும் போல 'நீங்கள் சொல்ல வந்தது இதுதானே' என்று இவை அனுமானித்துக்கொள்வதில்லை. எழுதியதை எழுதியபடி எடுத்துக்கொள்ளும்.

அதனால் இன்புட் வரிகளை வேர்டு, வாட்ஸாப், மின்னஞ்சல் வழியாக அனுப்பாதீர்கள். அனுப்பத்தான் வேண்டும் என்றால் ஃபைலாகவே அனுப்புங்கள். கண்ணுக்குத் தெரியாத எழுத்துகளைக் காட்டுகிற வசதி நோட்பேட் பிளஸ் பிளஸ் போன்ற எடிட்டர்களில் இருக்கிறது. அதை இயக்கினால் டேபும் பிரியா இடைவெளியும் பல்லைக் காட்டும். சந்தேகமான வரியை அழிக்காமல், பக்கத்தில் கையால் புதிதாக அடித்துப் பாருங்கள். புதியது ஓடி பழையது ஓடாவிட்டால், கண்ணுக்குத் தெரியாத எழுத்தோ நீளக் கோடோ உள்ளே இருக்கிறது என்று பொருள்.

நேற்று ஓடிய பிரதி இருந்தால் வேலை இன்னும் சுலபம். இரண்டு ஃபைலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிடுகிற கருவி இலவசமாகவே கிடைக்கிறது. எந்த வரி மாறியது என்று ஒரு நிமிடத்தில் தெரிந்துவிடும். பிரதி இல்லாவிட்டால் பாதி பாதியாகப் பிரித்துத் தேடுவதுதான் வழி. பாரங்கள் முழுவதையும் குறிப்பாக்கி ஓட்டு, ஓடினால் பாதியைத் திறந்து ஓட்டு, அதிலும் பாதி. இது நல்ல முறை. ஆனால் எங்களை விழுத்தாட்டியதும் இதே முறைதான்! தேடுவதற்காக வைக்கிற நட்சத்திரத்தை, கணக்குக்குப் போகிற ஃபைலில் வைக்கவே வைக்காதீர்கள். தேடலுக்குத் தனிப் பிரதி. பெயரிலேயே 'சோதனை' என்று எழுதி, தேடி முடித்ததும் அதை அழித்துவிடுங்கள். தப்பு எது என்று தெரிந்த பிறகு மூல ஃபைலைத் திறந்து அந்த ஒரு வரியை மட்டும் திருத்துங்கள்.

ஃபைலே திறக்க மறுக்கிறதா? மாடலைச் சந்தேகிக்கும் முன் வெளியே பாருங்கள். ஜிப்புக்குள் இருக்கும்போதே இரட்டைக் கிளிக் செய்தீர்களா? கிளவுட் ஃபோல்டரில் இன்னொருவர் அதையே திறந்து வைத்திருக்கிறாரா? சேமிக்கிற நேரத்தில் கரண்ட் போனதா? புதிய பதிப்பில் சேமித்ததைப் பழைய பதிப்பில் திறக்கப் பார்க்கிறீர்களா? ஃபைலின் அளவு பூஜ்யமா? ஐரோப்பிய வாடிக்கையாளருக்காக விண்டோஸில் வட்டார அமைப்பை மாற்றியவர்கள், தசமப் புள்ளி காற்புள்ளியாக மாறிவிட்டதா என்றும் பாருங்கள். ஈடேப்ஸ் ஆட்களுக்கு ஒரு செய்தி: மூல ஃபைல் கெட்டுப்போனால் தலையில் கை வைக்காதீர்கள். அதே ஃபோல்டரில், பின்னொட்டு டாலர் குறியில் தொடங்குகிற எழுத்துப் பிரதி ஒன்றை ஈடேப்ஸ் தானாகவே எழுதி வைத்திருக்கும். அதை இறக்குமதி செய்து மாடலை மீட்கலாம். எத்தனையோ பேர் இது தெரியாமல் ஒரு வார வேலையை மறுபடி செய்கிறார்கள்.

இதுவரை சொன்னது மென்பொருள் 'நில்' என்று சொல்கிற பிழைகள். என் வயிற்றைக் கலக்குவது அவை அல்ல. நில் என்று சொல்லாமல் ஓடிவிடுகிறவைதான்.

'யூனிட்' வரியை எடுத்துக்கொள்ளுங்கள். ஸ்டாட் புரோவில் அது எழுதப்பட்ட இடத்திலிருந்து, அடுத்த யூனிட் வரி வரும்வரை, கீழே உள்ள எல்லா எண்களையும் ஆளும். வேறு ஃபைலிலிருந்து ஒரு பகுதியை ஒட்டும்போது அதனோடு 'மில்லிமீட்டர், நியூட்டன்' என்ற யூனிட் வரியும் ஒட்டிக்கொண்டு வந்தால் என்ன ஆகும்? சுவர் பாரம் 12 என்று இருக்கிறது. மில்லிமீட்டருக்கு 12 நியூட்டன் என்பதும் மீட்டருக்கு 12 கிலோ நியூட்டன் என்பதும் ஒன்றே! ஆகவே சுவர் பாரம் சரியாகவே தெரியும், நீங்களும் நம்பிவிடுவீர்கள். ஆனால் அதற்குக் கீழே தண்ணீர்த் தொட்டியின் கால் ஒன்றுக்கு 50 கிலோ நியூட்டன் என்று ஜாயின்டில் வைத்த பாரம் 50 நியூட்டனாகிவிடும். ஒரு காலின் ஐந்து டன் ஐந்து கிலோவாகிவிட்டது. ஒரு எர்ரரும் வராது. அதே இடத்தில் தளப் பாரம் இருந்திருந்தால் பத்து லட்சத்தில் ஒரு பங்கு பரப்புக்கு என்று கணக்கிட்டு, ஆயிரம் மடங்கு எகிறி, பீம் எல்லாம் ஃபெயில் ஆகிக் காட்டிக்கொடுத்திருக்கும். காட்டிக்கொடுக்கும் தப்பு ஒரு விதம், காட்டிக்கொடுக்காத தப்பு ஒரு விதம். கிலோ நியூட்டன் இருக்க வேண்டிய இடத்தில் கிலோ கிராம் வந்தால் பாரம் நூறில் ஒரு பங்காகச் சுருங்கிவிடும்.

அடுத்தது எச்சரிக்கைச் செய்தி. 'இந்த ஜாயின்டில் இந்தத் திசையில் நிலைத்தன்மை இல்லை, பலவீனமான ஸ்பிரிங் ஒன்றைச் சேர்க்கிறேன்' என்ற பொருளில் ஸ்டாட் புரோ எழுதிவிட்டு, அந்த ஸ்பிரிங்கைச் சேர்த்துக்கொண்டு மேலே ஓடும். இது எர்ரர் இல்லை, வார்னிங் மட்டும் என்று தாண்டிப் போகிறவர்களை நினைத்தால் எனக்குப் பயமாக இருக்கிறது. உங்கள் கட்டடத்தில் இல்லாத ஒரு ஸ்பிரிங் உங்கள் கணக்கில் கட்டடத்தைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது. சைட்டில் அந்த ஸ்பிரிங்கை எந்த மேஸ்திரி கட்டுவார்? பீமின் இரண்டு முனையிலும் முறுக்கை விடுவித்தது, ஒரு ஜாயின்டில் வந்து சேரும் எல்லா உறுப்பையும் கீல் ஆக்கியது, ஆட்டோகேடிலிருந்து இறக்கும்போது ஒரு மில்லிமீட்டர் இடைவெளியில் இரண்டு ஜாயின்ட் விழுந்து பீம் பில்லரைத் தொடாமல் நிற்பது, இவைதான் வழக்கமான காரணங்கள். இரட்டை ஜாயின்ட், அநாதை ஜாயின்ட், தனித்தனித் துண்டாக நிற்கிற கட்டமைப்பு மூன்றையும் சோதிக்க மென்பொருளிலேயே கருவி உண்டு. ஒரு நிமிட வேலை. ஈடேப்ஸில் 'இத்தனை இலக்கத் துல்லியம் போய்விட்டது' என்று வருகிற செய்தியும் இதே ஜாதி. சிதைவு வடிவத்தை அசைய விட்டுப் பாருங்கள். எந்த ஜாயின்ட் தனியாகப் பறந்து போகிறதோ அங்கே போய்த் தேடுங்கள்.

நாம் எழுதாமலே வந்து உட்காரும் எண்களையும் சொல்லியாக வேண்டும். ஸ்டாட் புரோ தானாகத் தருகிற கான்கிரீட்டின் அடர்த்தி கன மீட்டருக்கு 23.56 கிலோ நியூட்டன். நம் ஐஎஸ் 456 கம்பி போட்ட கான்கிரீட்டுக்குச் சொல்வது 25. தானாக வரும் மீள்தன்மைக் கெழு சுமார் 21,718 மெகா பாஸ்கல். எம்25 கான்கிரீட்டுக்கு ஐஎஸ் 456 சூத்திரப்படி 25,000. சொந்த எடையிலேயே நூற்றுக்கு ஆறு பங்கு குறைகிறது. சின்ன விஷயம் போலத் தோன்றும். கேட்காமல் வந்த எண் ஒவ்வொன்றும் உங்கள் கையெழுத்தின் கீழ்தான் நிற்கிறது.

இப்போது புதிதாக ஒன்று கிளம்பியிருக்கிறது. செயற்கை நுண்ணறிவிடம் இன்புட் ஃபைலை எழுதித் தரச் சொல்வது. கட்டளை மாதிரியே இருக்கிற, ஆனால் அந்த மென்பொருளில் இல்லாத சொற்களை அது எழுதிவிடலாம். அது பரவாயில்லை, பிழை என்று நிற்கும். செல்லுபடியாகிற கட்டளையில் தப்பான உறுப்பு எண் இருந்தால்? வரிக்கு வரி கையேட்டோடு ஒப்பிட நேரம் இல்லாதவர்கள் அந்தப் பக்கம் போகாமல் இருப்பது நல்லது.

எர்ரர் இல்லாமல் ஓடிய கணக்கு என்ன செய்யும் என்பதை உலகம் பார்த்திருக்கிறது. அமெரிக்காவில் ஹார்ட்ஃபோர்ட் நகரத்து உள்ளரங்கம். 300 அடிக்கு 360 அடி எஃகுக் கூரை, கணினி கொண்டு வடிவமைத்தது. கூரையைத் தரையில் கட்டி மேலே தூக்கியபோது, கணக்கு சொன்னதைப்போல இரண்டு மடங்கு தொய்ந்தது. கவனித்தவர்கள் சொன்னார்கள். இவ்வளவு வித்தியாசம் இருக்கத்தான் செய்யும் என்று பதில் வந்தது. 1978 ஜனவரி 18 அதிகாலை, பனிப்பாரத்தில் அந்தக் கூரை முழுவதும் அரங்கத்துக்குள் விழுந்தது. சில மணி நேரத்துக்கு முன் சுமார் 5,000 பேர் அதன் கீழே உட்கார்ந்து கூடைப்பந்து பார்த்திருக்கிறார்கள். அழுத்தம் தாங்கும் மேல் உறுப்புகள் நடுவிலும் பிடிக்கப்பட்டிருக்கின்றன என்று கணக்கு எடுத்துக்கொண்டது. உண்மையில் கட்டிய கூரையில் அந்தப் பிடிப்பு போதவில்லை. கணினி கணக்கைச் சரியாகத்தான் போட்டது, கொடுத்த கட்டடத்துக்கு! கொடுத்தது வேறு, கட்டியது வேறு.

நார்வேயில் ஸ்லெய்ப்னர் ஏ. கடலில் எண்ணெய், எரிவாயு எடுக்கும் மேடைக்கான ராட்சதக் கான்கிரீட் அடித்தளம். 1991 ஆகஸ்ட் 23 அன்று ஸ்டாவாங்கர் பக்கத்துக் கடற்கழியில் நீரில் அமிழ்த்திச் சோதிக்கும்போது, அறைகள் சந்திக்கிற மூலையில் சுவர் வெடித்து மொத்தமும் மூழ்கியது. கடலடியில் மோதிய வேகத்தில் ரிக்டர் அளவில் 3.0 நிலநடுக்கம் பதிவானது. இழப்பு 70 கோடி டாலர் என்று மதிப்பிட்டார்கள். உயிர் எதுவும் போகவில்லை. ஆய்வில் தெரிந்தது இது: நாஸ்ட்ரானில் போட்ட வலைப்பின்னல் அந்த மூலையில் முரட்டுத்தனமாக இருந்ததால் வெட்டு விசை 47 சதவீதம் குறைவாக வந்திருக்கிறது. அதோடு கம்பி நங்கூரமும் போதவில்லை. விபத்துக்குப் பிறகு நிதானமாகப் போட்ட கணக்கு, 62 மீட்டர் ஆழத்தில் சுவர் உடையும் என்றது. உடைந்தது சுமார் 65 மீட்டரில். அந்தக் கணக்கை ஒரு வருடம் முன்னால் போட்டிருந்தால்?

அந்த இரண்டு கணக்குகளும் தடையில்லாமல் ஓடி முடிந்தவை என்பதை மறக்காதீர்கள்.

ஆகவே ஓடியதற்குப் பிறகுதான் உங்கள் வேலை தொடங்குகிறது. அனாலிசிஸ் கட்டளையோடு 'ஸ்டாட்டிக்ஸ் செக்' அச்சிடச் சொல்லுங்கள். ஏற்றிய பாரத்தின் கூட்டுத்தொகையும் எதிர்விசையின் கூட்டுத்தொகையும் சமமாக இருக்கும். அதோடு நிம்மதி அடைந்துவிடாதீர்கள். எங்கள் கட்டடத்திலும் இரண்டும் சமமாகத்தான் இருந்தன, 8,200க்கு 8,200! ஏற்றாத பாரத்தைப் பற்றி அந்தச் சோதனைக்கு என்ன தெரியும்? அந்த எண்ணை உங்கள் கைக்கணக்கோடு பொருத்துங்கள். பரப்பு, தளம், சதுர மீட்டருக்கு இவ்வளவு என்று கால்குலேட்டரில் ஐந்து நிமிடம். பத்து சதவீதத்துக்கு மேல் இடித்தால் வரைபடத்தை அனுப்பாதீர்கள். ஒவ்வொரு பார வகைக்கும் தனித்தனியாகப் பாருங்கள், கூட்டிய கணக்கில் ஒன்று இன்னொன்றை மறைத்துவிடும். பிறகு தொய்வைப் பாருங்கள். நாலரை மீட்டர் பீம் சில மில்லிமீட்டர் தொய்வதுதான் நியாயம். அது மூன்று இலக்கத்தில் இருந்தாலும் தப்பு, பூஜ்யமாக இருந்தாலும் தப்பு.

மூத்தவர்களிடம் ஒரு கோரிக்கை. இரவு ஒன்பது மணிக்கு, நாளைக் காலை வரைபடம் வேண்டும் என்று சொல்வதை நிறுத்துங்கள். நான் நிறுத்திவிட்டேன். பிழை வந்து நிற்கிறது என்று ஒரு ஜூனியர் வந்து சொன்னால், "இன்னுமா முடிக்கல?" என்று கேட்காதீர்கள். "என்னம்மா சொல்லுது, காட்டு" என்று பக்கத்தில் நாற்காலி போட்டு உட்காருங்கள். எங்கள் ஆபீஸில் இப்போது வரைபடத்தோடு ஒரு தாள் போகிறது. மென்பொருள் சொன்ன மொத்தப் பாரம், கைக்கணக்கில் வந்த மொத்தப் பாரம், ஃபைலில் மிச்சம் இருக்கிற நட்சத்திர வரிகள் எத்தனை, ஏன். அந்தத் தாளை வடிவமைத்தது அந்தப் பெண்தான்.

இதைப் படித்து முடித்ததும் ஒரு காரியம் செய்யுங்கள். கடைசியாக நீங்கள் வரைபடம் கொடுத்தனுப்பிய வேலையின் இன்புட் ஃபைலை நோட்பேடில் திறவுங்கள். கன்ட்ரோல் எஃப். நட்சத்திரக் குறி. ஒவ்வொன்றாக நின்று, இது ஏன் இங்கே இருக்கிறது என்று கேளுங்கள். பிறகு 'யூனிட்' என்று தேடி எத்தனை இடத்தில் வருகிறது என்று எண்ணுங்கள். வெளியீட்டு ஃபைலில் 'வார்னிங்' என்று தேடுங்கள். ஒரே ஒரு வரிக்குக் காரணம் சொல்ல முடியாவிட்டாலும் சைட்டுக்குப் போன் போடுங்கள். கான்கிரீட் எத்தனை மணிக்கு என்று கேளுங்கள்.